அரிசி டின்னில் இருந்த வெயில்கட்டி

கண்ணு,

சொல்வது நான், எழுதுவது காதர் பாய். எனக்கு என் பெயரைக்கூட எழுத வராது என்பது உனக்குத் தெரியும். நம் தாம்பாளங்களுக்கு ஈயம் பூசித் தந்த மனிதர், பெரிய கடைவீதிக்குப் பின்னால் இருக்கும் தன் கடையைச் சாத்திவிட்டு, இரண்டு நாளாகத் துடியலூருக்கு பஸ் ஏறி வந்து என் கட்டிலுக்கு எதிரே உட்கார்ந்திருக்கிறார். என் பேச்சை அவர் எழுத்துக்கு ஏற்றபடி திருத்திக்கொள்ளட்டும், ஆனால் ஒரு சங்கதியையும் விடக்கூடாது என்று சொல்லியிருக்கிறேன். நேரில் சொல்லத்தான் கணபதியில் இருக்கும் உன் பட்டறைக்கு வந்தேன். பட்டறை வாசலிலேயே நிற்கவைத்து, "போங்கப்பா, சோமனூர்ல என்ற மானத்த வாங்குனது பத்தாதா?" என்றாய். உன் ஆட்கள் லேத்தை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். கோபப்பட்டு நான் திரும்பவில்லை. சித்திரை மாத உச்சி வெயிலில் நீ முழுக்கைச் சட்டை போட்டுக் கைகளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றதைப் பார்த்துத்தான், இனி நேரமில்லை என்று திரும்பினேன்.

அதற்கு மூன்று நாள் முன்னால்தான் மல்லிகா பக்கத்து வீட்டு போனில் என்னைக் கூப்பிட்டிருந்தாள். என் மருமகள் எதற்கும் பதறுகிறவள் இல்லை. "மாமா, அவுருக்கு மத்தியானமானா குளுருதுங்களாமா. போர்வை கேக்கறாருங்க. டாக்டர்ட்ட போனா ஒண்ணுமில்லைங்கறாங்க," என்றாள். நான், "நெழலு எப்படி அம்மணி இருக்குது?" என்று கேட்டேன். அவளுக்குப் புரியவில்லை. "காய்ச்சலான்னு கேக்கறீங்களா மாமா?" என்றாள். "ஆமா அம்மணி, காய்ச்சலான்னுதான்," என்று சொல்லி போனை வைத்துவிட்டேன். அந்தக் குளிர் எனக்குத் தெரியும். முன்னால் ஒருமுறை என் வீட்டுக்குள்ளேயே பார்த்திருக்கிறேன்.

இந்தக் கடிதத்தை நீ மட்டும் படிக்கப்போவதில்லை. ஜெராக்ஸ் எடுத்து இன்னும் பலருக்குக் கொடுக்கப்போகிறேன். ஏன் என்று பிறகு சொல்கிறேன். அதனால் உனக்குத் தெரிந்ததையும் கொஞ்சம் சொல்லவேண்டியிருக்கிறது. வெயிலைக் கட்டியாக்குவது எங்கப்பன் காலத்திலிருந்து நம் வேலை. ஈயம் பூசிய செம்புத் தாம்பாளத்தில் கிணற்று நீரும் சுண்ணாம்புத் தெளிவும் விட்டு, பழைய கட்டியில் ஒரு கிள்ளு எடுத்து உறை போட்டு, உச்சிப் பொழுதில் மரமில்லாத வயக்காட்டின் நடுவில் வைத்தால், இரண்டு நாழிகையில் வெயில் அதில் இறங்கி அல்வாப் பதத்துக்கு உறையும். வெட்டி எடுத்தால் தேன் நிறமாக, கையில் பிடிக்கச் சில்லென்று இருக்கும். கோயிலில் வைத்தால் எண்ணெய் இல்லாத விளக்கு. செம்புப் பெட்டிக்குள் போட்டுத் தறிக்கு அடியில் வைத்தால் கரண்ட் இல்லாமலே தறி ஓடும். எரிய எரியக் குளியல் சோப்பைப்போலத் தேயும். உறைகிற அந்த இரண்டு நாழிகை தாம்பாளத்தில் எதன் நிழலும் விழக்கூடாது. காக்கை நிழல் விழுந்தால் கட்டி எரியும்போது இறகு கருகிய நாற்றம் வரும். ஆள் நிழல் விழுந்தால் அந்த ஆள் அதற்குள் இருப்பான். கட்டி தேயத் தேய அவனும் தேய்வான்.

நீ இதைக் கேட்டுச் சிரித்திருக்கிறாய். "அது சரக்குக் கெட்டுப்போயிரும்னு சொல்றதுக்காகக் கட்டுன கதைங்கப்பா," என்பாய். நானும் உன் வயதில் அப்படித்தான் நினைத்தேன், அல்லது நினைப்பதாகச் சொல்லிக்கொண்டேன். நம்புகிறோமா இல்லையா என்பதை வாயால் சொல்வதை வைத்து முடிவு செய்யாதே கண்ணு. கை என்ன செய்கிறது என்று பார். என் கை செய்த ஒன்றை இப்போது சொல்கிறேன்.

உனக்கு அப்போது ஐந்து மாதம். உன்னைப் பெற்றெடுக்கத் தாய்வீடு போன உன் அம்மா திரும்பி வருகிற நாள். உன் தாய்வழிப் பாட்டனுக்கும் எனக்கும் கல்யாணத்தில் ஒரு மனத்தாங்கல் வந்து, அவர் நம் வாசலை மிதிப்பதில்லை என்று இருந்தார். பேரன் பிறந்ததும் மனது இளகி, தானே கூட்டிக்கொண்டு வருவதாகச் சொல்லி அனுப்பியிருந்தார். சாயங்காலம் வருவார்கள் என்று நினைத்து அன்றைக்கு உச்சியில் தாம்பாளத்தை வைத்துவிட்டேன். மாரியம்மன் நோம்பித் திருவிழாவுக்கு ஒரு பெரிய விளக்குக்கட்டி கொடுக்கவேண்டியிருந்தது. அவர்கள் சீக்கிரமே வந்துவிட்டார்கள். வீட்டில் யாரும் இல்லாததால் வரப்பில் ஏறி நேராகக் காட்டுக்கே வந்தார்கள். முன்னால் வாழைப்பழச் சீப்பைத் தூக்கிக்கொண்டு மாமனார், பின்னால் உன்னை இடுப்பில் வைத்துக்கொண்டு அவள்.

யார் வந்தாலும் "நில்லு" என்று கத்தவேண்டும், அதுதான் தொழில் முறை. எங்கப்பன் கலெக்டர் ஜீப்பையே அப்படி நிறுத்தியவர். எனக்கு வாய் வரவில்லை. பேச்சுவார்த்தை அறுந்து, முதல்முறையாக நம் மண்ணில் கால் வைக்கிற பெண் கொடுத்த மாமனாரை, வாங்க என்று சொல்வதற்கு முன்னால் நில்லுங்க என்று எப்படிச் சொல்வது? நான் தயங்கினதையே அவர் வேறு மாதிரி எடுத்துக்கொண்டார்.

"ஏனுங் மாப்ள, வாங்கன்னு ஒரு வார்த்தைகூடச் சொல்லமாட்டீங்களா? திரும்பிப் போயரட்டுங்களா?"

"வாங்க மாமா, வாங்க வாங்க," என்றேன். கையைக் கூப்பினேன்.

"அவுரு கட்டிக்குக் காவலிருக்கறாருங்கப்பா, சும்மாருங்க," என்று உன் அம்மாதான் சிரித்தாள். அவளுக்கு முறை தெரியும். தள்ளித்தான் நின்றாள். ஆனால் இந்த மாமனார் இருக்கிறாரே, அவர் தாம்பாளத்தை அதற்குமுன் பார்த்ததில்லை. "அப்படியென்னம்மா அது? பையனுக்குக் காட்டு, அவங்கப்பன் வேலையப் பார்க்கட்டும்," என்றார். அவள் என் முகத்தைப் பார்த்தாள். நான் வேண்டாம் என்று தலையசைத்திருந்தால் போதும். மாமனார் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் சிரித்தபடி நின்றேன். உச்சியில் நிழல் காலடியிலேயே கிடக்கும், குனிந்தால்தான் விழும். அவள் குனிந்தாள். "பாரு தங்கம், உங்கப்பன் வெயிலப் புடிக்கறான் பாரு." ஒரு மூச்சு விடுகிற நேரம். அவ்வளவுதான்.

அதற்கும் வழி இருந்தது கண்ணு. அன்றைக்கே கரண்டியால் கிண்டித் தண்ணீராக்கி, அவளையும் உன்னையும் மேலே குனிய வைத்திருந்தால் நிழல் திரும்பப் போயிருக்கும். ஆனால் காட்டோரத்தில் கோயில்காரர்கள் இரண்டு பேர் மேளத்தோடு வந்து நின்றுவிட்டார்கள். கட்டி கெட்டுவிட்டது, நாளைக்கு வாங்க என்று சொன்னால், மாமனார் வந்ததால் கெட்டது என்று ஊரே பேசும். எங்கப்பன் கிழக்கே ஒரு சாவுக்குப் போயிருந்தார். நான் கட்டியைத் தாம்பாளத்திலிருந்து எடுத்து வெயிலுக்கு நேரே பிடித்துப் பார்த்தேன். நடுவில் அவள் தலையும் தோளும், துணியில் விழுந்த எண்ணெய்க்கறை மாதிரி. ஓரத்தில் கட்டை விரல் அளவுக்கு உன் தலை.

நான் என்ன செய்தேன் தெரியுமா? கம்பியைச் சூடேற்றி, உன் தலை இருந்த ஓரத்தை மட்டும் அறுத்து எடுத்து மடியில் கட்டிக்கொண்டேன். மீதியை மேளத்தோடு அனுப்பிவிட்டேன். நம்பவில்லை என்றால் உன் துண்டை எதற்கு அறுத்தேன்? நம்பினேன் என்றால் அவள் துண்டை எப்படிக் கொடுத்தேன்? இதைச் சொல்லும்போது காதர் பாய் பேனாவை மூடிவிட்டார். "இது வேண்டாமுங் கவுண்டரே, பையன் மனசு ஒடிஞ்சுபோயிரும்," என்றார். "ஒடியட்டும் பாய், எழுதுங்," என்றேன்.

உன் அம்மா காமாலையில் போனாள் என்று உனக்குச் சொல்லி வளர்த்தேன். காமாலை இல்லை. முதல் இரண்டு மாதம் ஒன்றும் தெரியவில்லை. பிறகு ஒருநாள் களத்தில் மிளகாய் காயப்போட்டுக்கொண்டிருந்தவள் கூப்பிட்டாள். "ஏனுங், இங்க வாங்களேன். உங்க நெழலு கருப்பாக் கெடக்குது. என்றது மட்டும் பழஞ்சேலையாட்ட வெளுத்துக்கெடக்குது பாருங்." எட்டிப் பார்த்தேன். வெளுத்துத்தான் கிடந்தது. "உனக்குக் கண்ணு சரியில்ல," என்று சொன்னேன். அதன் பிறகு அவள் கேட்கவில்லை. மத்தியானமானால் குளிர்கிறது என்று அடுப்படியில் போய் உட்கார்ந்துகொள்வாள். உன்னைத் தூக்கினால் கை சோர்ந்தது. எல்லாரும் சொன்னார்கள் என்று வெள்ளிக்கிழமை தவறாமல் மாரியம்மன் கோயிலுக்குப் போய், தனக்கு உடம்பு தேறவேண்டும் என்று அந்த விளக்குக்கு முன்னால் நின்று கும்பிட்டாள். நானும் பக்கத்தில் நின்றேன். விளக்குக்குள் அவள் இருந்தாள், விளக்குக்கு வெளியே அவள் கும்பிட்டுக்கொண்டிருந்தாள். வெளியே இருந்தவள் வாரத்துக்கு வாரம் இளைத்தாள்.

கையை நீட்டி எடுத்திருக்கலாம். சாமிக்குக் கொடுத்ததைத் திருப்பிக் கேட்பதா என்று பூசாரி ஏசுவார். ஏன் கேட்கிறாய் என்று அவர் கேட்டால், நிழல் விழுந்ததைத் தெரிந்தே கொடுத்தேன் என்று சபையில் சொல்லவேண்டும். அதற்குப் பயந்து பதினொரு மாதம் பொறுத்தேன். அடுத்த நோம்பிக்கு முன்னால், பழைய கட்டி தீர்ந்துபோச்சு, புதுசு ஒன்று வேண்டும் என்று பூசாரி ஆள் அனுப்பிய அன்று மத்தியானம், அடுப்படியில் உட்கார்ந்தபடியே போய்விட்டாள். வாசலில் கிடத்தியிருந்தோம். சாமியானா வந்து சேரும்வரை நல்ல வெயில் அடித்தது. பாடைக் கம்புக்கு நிழல் இருந்தது. அவளுக்கு இல்லை. நான் ஒருவன்தான் அதைக் கவனித்தேன்.

உன் துண்டை அரிசி டின்னுக்கு அடியில் வைத்தேன். அதைக் கரைத்து உன்னிடம் சேர்த்திருக்கவேண்டும். அதற்குள் எங்கப்பன் காலமாகிவிட்டார். கேட்க ஆள் இல்லாமல் ஏதாவது தப்பாகிவிடும் என்று பயந்தேன். அது ஒரு காரணம். இன்னொன்று பேராசை. நீ எட்டு வயதில் கிணற்றில் விழுந்தாய், ஒரு கீறல்கூட இல்லை. காலேஜுக்குப் போகிற வயதில் மேட்டுப்பாளையம் ரோட்டில் லாரியில் அடிபட்டாய். பிழைக்கமாட்டாய் என்றார்கள், வலது தோள் இறங்கியதோடு போயிற்று. டின்னுக்குள் நீ தேயாமல் இருக்கிறாய், அதனால் உனக்கு ஒன்றும் ஆகாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மகனை டின்னில் போட்டு மூடி வைத்துக்கொண்டு நிம்மதியாகத் தூங்கியவன் நான். நீயும் ஒரு தகப்பனாகப் போகிறவன், இந்த மாதிரி நிம்மதி வந்தால் நம்பாதே.

கரண்ட் கட் ஆவதால் சோமனூரில் தறிகள் பாதி நாள் நிற்கின்றன, வெயில்கட்டி போட்டு ஓட்டலாம் என்று நீ தை மாதம் வந்து சொன்னாய். நான் எப்போதோ விட்ட தொழிலுக்கு உறை கேட்டாய். "எங்கிட்ட ஏது?" என்றேன். சொன்னது பொய். அப்போதாவது வாயைத் திறந்திருக்கலாம். பங்குனியில் என் கண் ஆபரேஷனுக்கு நான் ஆஸ்பத்திரியில் இருந்தபோது, மாற்றுத்துணி எடுக்க வந்தவன் டின்னில் கையை விட்டிருக்கிறாய். கட்டு அவிழ்த்து வீட்டுக்கு வந்த பிறகு போனில் சிரித்துக்கொண்டே சொன்னாய். "அரிசிக்குள்ள பொதச்சு வெச்சுபோட்டு இல்லைன்னீங்களேப்பா. இந்தக் கஞ்சத்தனம் எந்த ஊர்லயும் இல்ல. இருவத்திநாலு தாம்பாளம் உறை போட்டாச்சு, அத்தனையும் தங்கமா வந்துருக்குது." தயிருக்கு உறை ஊற்றினால் பழைய தயிர் புதுப் பானை முழுக்கப் பரவுகிற மாதிரி, உறையாகக் கிள்ளிப் போட்டதில் அந்தத் துண்டு மிச்சமில்லாமல் தீர்ந்து, நீ இருபத்து நான்கிலும் பரவியிருந்தாய். நான் சொல்வதற்குள் போனை வைத்துவிட்டாய். மறுபடி கூப்பிட்டபோது, கட்டிகளைத் தறிகளுக்குக் கொடுத்துவிட்டதாகச் சொன்னாய். "ஓட்டாத கண்ணு, எடுத்துரு," என்றதற்கு, "வயசாயிருச்சுங்கப்பா உங்களுக்கு," என்றாய். உன் அம்மாவுக்கு ஒரு விளக்கில் பதினொரு மாதம் ஆயிற்று. உனக்கு இருபத்து நான்கு இடத்தில் ஒரே நேரத்தில் தேய்ந்துகொண்டிருந்தது.

மல்லிகாவின் போன் வந்த மறுநாளே காதர் பாயைக் கூட்டிக்கொண்டு சோமனூருக்கு பஸ் ஏறினேன். அங்கே முதலில் போனது சரசக்கா தறிக்கூடம். அந்த அம்மாள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றது. "பையன் வந்து குடுப்பான், பொறத்தாலயே அப்பன் வந்து புடுங்குவீங்களா? இதென்னுங், கட்டிக்குடுத்த புள்ளையக் கோவிச்சுட்டுக் கூட்டிட்டுப் போற கதையா?" என்றது. அப்புறம் தானே குரலைத் தாழ்த்திக்கொண்டது. "எடுத்துட்டுப் போயிருங் பெரியவரே. எனக்கும் மனசு சரியில்ல. உச்சிப் பொழுதானா தறிக்கு முன்னால தரைல ஒரு ஆம்பளை நெழலு ஒக்காந்திருக்குது. ஆளக் காணோம். ஓட்டறவ பயந்துட்டு வேலைக்கு வர்றதில்ல."

"எப்படி இருக்குது அந்த நெழலு?" என்று கேட்டேன்.

"சோத்தாங்கைப் பக்கத் தோளு எறங்கியிருக்குதுங்," என்றது.

காதர் பாய் என் கையைப் பிடித்துக்கொண்டார். அதற்குமேல் நான் யாரிடமும் மறைக்கவில்லை. ஒவ்வொரு தறிக்கூடமாக ஏறி, என் பையன் இதுக்குள்ள இருக்கறான், குடுத்துருங்க என்று கேட்டேன். பைத்தியம் என்று சிலர் சிரித்தார்கள். ஒருவர் கும்பிட்டுக் கொடுத்தார். இரண்டு நாளில் இருபத்து மூன்று கட்டிகள் வந்துவிட்டன. உன் மானத்தை வாங்கினது உண்மைதான். ஈரச் சாக்கில் சுற்றி என் கட்டிலுக்கு அடியில் இருட்டில் வைத்திருக்கிறேன். இனி அவை தேயாது.

ஒன்று குறைகிறது. எல்லாம் ஒன்றாகச் சேராமல் கரைக்கக்கூடாது. நிழல் குறைந்து வந்தால் ஆளும் குறைந்துதான் எழுந்து நிற்பான் என்று எங்கப்பன் சொல்லியிருக்கிறார். உன் பட்டறையிலிருந்து திரும்பும் வழியில் வீட்டுக்குப் போய் மல்லிகாவைக் கேட்டேன். "முதல் ஈட்டுல ஒண்ணைத் தனியா எடுத்து வெச்சாருங் மாமா. வெள்ளிக்கிழமை குளிச்சு, புது வேட்டி கட்டி, தேங்கா பழத்தோட தட்டத்துல வெச்சு எடுத்துட்டுப் போனாருங். எந்தக் கோயிலுன்னு கேட்டேன். காணிக்கைய வெளிய சொல்லப்படாதுன்னுட்டாருங்," என்றாள். அதைச் சொல்லும்போது அந்தப் பெண் தன் வயிற்றின்மேல் கையை வைத்துக்கொண்டாள். ஆறாவது மாதம். யாருக்காக நேர்ந்து கொடுத்தாய் என்று எனக்குப் புரிந்துவிட்டது.

ஒன்றுதானே என்று நினைக்காதே கண்ணு. உன் அம்மாவுக்கும் ஒன்றுதான்.

அதனால்தான் ஜெராக்ஸ். துடியலூரிலிருந்து சோமனூர் வரைக்கும் வெயில்கட்டி விளக்கு எரிகிற கோயில் ஒவ்வொன்றிலும் பூசாரி கையில் ஒரு பிரதி கொடுக்கச் சொல்லியிருக்கிறேன். காதர் பாயின் தம்பி பஸ் ஸ்டாண்டிலும் ஒட்டுவதாகச் சொல்கிறார். இதைப் படிக்கிறவர்கள் யாரானாலும், சித்திரையில் வலது தோள் இறங்கிய ஒருவர் தேங்காய் பழத்தோடு கொண்டுவந்து கொடுத்த கட்டி உங்கள் கோயிலில் எரிந்தால், தயவுசெய்து ஈரத்துணி போட்டு மூடி வையுங்கள். சாமி குற்றம் வந்தால் அது எனக்கு வரட்டும்.

ஆனால் கோயில்கள் நிறைய, என் கால்கள் இரண்டு. உனக்குத்தான் இடம் தெரியும். கொடுத்ததை எப்படிப் போய்த் திருப்பிக் கேட்பது என்று உனக்கு இருக்கும். வேண்டாம், நீ கேட்கவேண்டாம், வாசல்வரைகூட வரவேண்டாம். பூசாரி ஏசட்டும், ஊர் கூடட்டும், கட்டின பெண்டாட்டியை விளக்குக்குக் கொடுத்தவன் இவன்தான் என்று என்னைக் காட்டிப் பேசட்டும். நான் போய் நிற்கிறேன். நாளைக்கு உச்சிக்கு முன்னால் பக்கத்து வீட்டு போனுக்குக் கூப்பிட்டு, கோயில் பெயரை மட்டும் சொல்.